தேரை அடக்கிவைத்த நீர்

அந்தக் காலத்தில் எச்சிலைக் கண்டு முகம் சுளிக்க யாருக்கும் தெரியாது. ஆடும் பேசும், ஓணானும் பேசும். பேசுகிற வாயில் ஈரம் இருக்கத்தானே வேண்டும் என்று எல்லோரும் எச்சிலை மரியாதையாகவே வைத்திருந்தார்கள். காலில் முள் குத்தினால் நக்கிக்கொள்வார்கள். பக்கத்து வீட்டுக்காரருக்குக் குத்தினாலும் போய் நக்கிவிட்டு வருவார்கள்.

எல்லா உயிருக்கும் எச்சில் ஊற்று நாக்குக்கு அடியிலும் காதடியிலும் சின்னதாகத்தான் இருந்தது. தேரைக்கு மட்டும் பெரிய ஊற்றாக, காதுக்குப் பின்னால் இரண்டு பக்கமும் ஒவ்வொன்று இருந்தது. வெளியே இருந்து பார்த்தால் ஒன்றும் தெரியாது. தோல் வழவழவென்று ஒரே சீராக இருக்கும். காதோரத்தில் ஏன் வைத்தார்கள் என்றால், காதில் விழுந்ததும் ஊற வேண்டும் என்பதற்காகத்தான். யாராவது "தொண்டை வறளுது" என்று முனகினால் போதும், அவள் காதோரம் சுருக்கென்று இழுக்கும், வாய் நிறைய நீர் வந்துவிடும். புளியங்காயைப் பற்றி யாராவது பேசும்போது நமக்கும் காதடியில் அப்படி இழுக்கிறது அல்லவா? நமக்கு ஊறுவது நாமே விழுங்க. தேரைக்கு ஊறியது அடுத்தவருக்குக் கொடுக்க.

அந்த நீர் தெளிந்த நீர். தேள் கொட்டிய இடத்தில் ஒரு சொட்டு விட்டால் கடுப்பு இறங்கும். தொண்டை கட்டியவருக்கு ஒரு மிடறு கொடுத்தால் குரல் திறக்கும். கண்மாய்க் கரையில் ஒரு பலகைக் கல்லுக்கு அடியில் அவள் குடியிருந்ததால் எல்லோரும் அவளைக் கல்லடி மதினி என்று கூப்பிட்டார்கள். அவள் யாரையும் காக்க வைத்ததில்லை. காக்க வைக்க அவளால் முடியாது, கேட்ட மாத்திரத்தில் ஊறிவிடுமே.

கல்லுக்கு இருபது தாவல் தள்ளி, ஒரு வேலமரத்து நிழலில் ஒரு நாய்க் குடும்பம் இருந்தது. புருசன் பெயர் கருவாயன். ஆடு மேய்க்கிற கீதாரிகளோடு சேர்ந்து மந்தைக்குக் காவல் போவான். பெண்டாட்டி வெள்ளச்சி. மாசி மாதம் வெள்ளச்சி ஐந்து குட்டி போட்டாள். நான்கு குட்டிகள் கண் திறப்பதற்கு முன்பே போய்விட்டன. ஐந்தாவதும் போகத்தான் இருந்தது. பால் குடிக்கத் தெம்பில்லாமல் வாய் உலர்ந்து கிடந்தது. தேரை மூன்று நாள் அதன் தலைமாட்டிலேயே உட்கார்ந்து, வாயோடு வாய் வைத்துச் சொட்டுச் சொட்டாக நீர் விட்டாள். நான்காம் நாள் குட்டி தானே நகர்ந்து போய் முலையைப் பிடித்தது.

"இது ஒங்க பிள்ள மதினி. நான் பெத்தது மட்டுந்தான்" என்றாள் வெள்ளச்சி.

"சரி சரி, போதும். பால் குடிக்க விடு" என்றாள் தேரை. வெளியே அப்படிச் சொன்னாளே தவிர, அந்த ஒரு வார்த்தையை வாய்க்குள் வைத்து எத்தனையோ நாள் சப்பிக்கொண்டிருந்தாள். அவளுக்கென்று பிள்ளை குட்டி இல்லை.

பங்குனி வெயில் ஏறியது. கண்மாயில் சேறும் காய்ந்து வெடித்தது. தேரைக்கு வெயில் ஆகாது. வருசா வருசம் செய்வதுபோலக் கல்லுக்கு அடியில் மண்ணைப் பறித்து உள்ளே இறங்கி, கண்ணை மூடிப் படுத்துவிட்டாள். அவள் படுத்தால் அடுத்த மழைச் சத்தத்துக்குத்தான் எழுந்திருப்பாள். இடி இறங்கினாலும் இடையில் விழிக்க மாட்டாள்.

சித்திரையில் குட்டிக்குப் பெயர் வைத்து விருந்து போட்டார்கள். துடியன் என்று பெயர். இங்கே அந்தக் கரையின் அழைப்பு முறையைச் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் வினை அதில்தான் இருந்தது. விசேஷம் என்றால் புருசனும் பெண்டாட்டியும் சேர்ந்து போய் வாசலில் நிற்க வேண்டும். மூன்று தரம் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும். வெற்றிலையில் ஒரு துண்டு கருப்பட்டி வைத்துக் கொடுக்க வேண்டும். ஆள்விட்டுச் சொன்னால் அது அழைப்பே இல்லை. ஒருவர் மட்டும் வந்து சொன்னால் அரை அழைப்பு. அரை அழைப்புக்கு மானமுள்ளவர் போக மாட்டார்.

இதோடு இன்னொரு முறையும் இருந்தது. அழைத்தும் வராதவரிடம் ஏன் வரவில்லை என்று கேட்கக் கூடாது. அழைக்கப்படாதவரும் ஏன் அழைக்கவில்லை என்று கேட்கக் கூடாது. கேட்டால் சோற்றுக்கு அலைகிறவர் என்று பேர் வந்துவிடும். இதை யார் ஏற்படுத்தினார்களோ தெரியவில்லை. அவர்கள் எனக்கு எதிரில் வந்தால் நாலு வார்த்தை கேட்பேன்.

வைகாசியில் ஒரு கோடை மழை பெய்தது. தேரை மண்ணைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்து உடம்பை நனைத்துக்கொண்டாள். கல்லின் மேல் ஓணான் உட்கார்ந்திருந்தது. ஊர்ச் சேதி முழுக்க அதன் வாயில்தான் இருக்கும்.

"என்ன மதினி, இப்பத்தான் முழிப்பு வந்துச்சா? துடியனுக்குப் பேரு வச்ச விருந்த விட்டுட்டீகளே! அடேயப்பா, என்ன சாப்பாடு!"

"துடியனா? அது யாரு?"

"நல்லாக் கேட்டீக. நீங்க உசிரு குடுத்த பிள்ளைதான். பேரு வச்சு ஒரு மாசமாச்சு. கரையே கூடியிருந்துச்சு." ஓணான் தலையை ஒரு தரம் ஆட்டியது. "ஒங்களக் கூப்பிடலையோ?"

தேரை கல்லின் அடியைப் பார்த்தாள். வாசலைப் பார்த்தாள். மழை கழுவிவிட்ட வெறும் மண்தான் இருந்தது. வெற்றிலை இல்லை, காய்ந்த காம்புகூட இல்லை.

"எங்கள மாதிரி ஆளுகள யாரு நெனைப்பா" என்றாள்.

"எங்க வீட்டுக்கு ரெண்டு பேருமா வந்து, மூணு தரம் கூப்பிட்டாக. ரொம்ப மரியாதப்பட்ட குடும்பம்" என்று சொல்லிவிட்டு ஓணான் பூச்சியைப் பார்த்துப் போய்விட்டது. அதற்கு அவ்வளவுதான் வேலை.

தேரைக்கு நெஞ்சு எரிந்தது. மூன்று நாள் முதுகு வலிக்க உட்கார்ந்திருந்ததை நினைத்தாள். 'ஒங்க பிள்ள' என்று சொன்ன வாயை நினைத்தாள். பெயர் வைத்ததே அடுத்தவர் சொல்லித்தான் தெரிகிறது. இருபது தாவல் போய் "ஏண்டி, என்னை மறந்துட்டியா?" என்று கேட்டிருந்தால் அன்றைக்கே விஷயம் தீர்ந்திருக்கும். ஆனால் கேட்கக் கூடாதே! முறை இருக்கிறதே!

வெள்ளச்சிக்கும் ஒரு மனக்குறை இருந்தது. நாள் தள்ளினால் பிள்ளைக்கு ஆகாது என்று சொல்லிவிட்டார்கள், மழைவரை காத்திருக்க முடியவில்லை. மதினி தூங்குவாள் என்று தெரிந்தும் போய் அழைத்துவிட்டுத்தான் வந்தோம், வெற்றிலையை எடுத்துப் பார்த்திருப்பாளே, எழுந்து வந்தும் ஒரு வார்த்தை அதைப் பற்றிப் பேசவில்லையே என்று அவள் நினைத்தாள். இவளும் கேட்கவில்லை. வழியில் கண்டால், "பிள்ளையப் பாக்க வாங்க மதினி" என்பாள். தேரை, "பாப்போம், பாப்போம்" என்பாள். துடியன் மட்டும் ஒன்றும் அறியாமல் தேரையைக் கண்டால் வாலை ஆட்டிக்கொண்டு ஓடி வருவான். தேரை கல்லுக்கு அடியில் போய்விடுவாள்.

ஆனி மாதம் ஒரு நாள் உச்சிப் பொழுது. துடியன் கரையில் பட்டாம்பூச்சியைத் துரத்திக்கொண்டு போனான். பட்டாம்பூச்சி எருக்கஞ்செடியில் உட்கார்ந்தது. இவன் செடியோடு சேர்த்துக் கவ்வினான். ஒடித்த கொப்பிலிருந்து பால் பீறிட்டு வாய் முழுக்க வடிந்தது. நாலு மாதக் குட்டிக்கு அது என்ன பால் என்று எப்படித் தெரியும், சப்பிவிட்டான். கொஞ்ச நேரத்தில் நாக்கு தடித்தது. தொண்டை வீங்கியது. வேலமரத்து நிழலுக்குத் தள்ளாடி வந்து விழுந்து காலை உதைத்துக்கொண்டான்.

வெள்ளச்சி ஒரே ஓட்டமாகக் கல்லுக்கு ஓடிவந்தாள்.

"மதினி! மதினி! எருக்கம்பால் பட்டுட்டு. பிள்ளைக்கு மூச்சு முட்டுது. வாங்க மதினி!"

தேரையின் காதோரம் இரண்டு பக்கமும் சுருக்கென்று இழுத்தது. நீர் குபுகுபுவென்று ஊறி வாய்க்கு வந்தது. அந்த ஊற்று யாரையும் கேட்டுக்கொண்டு ஊறுவதில்லை. ஆனால் அன்றைக்கு அவள் வாயை இறுக மூடினாள். வந்த நீரைத் துப்பவும் இல்லை, விழுங்கவும் இல்லை. வந்த வழியிலேயே திருப்பி அனுப்பினாள்.

"என்னை எதுக்கு வந்து கூப்பிடுத? விசேஷத்துக்கு வந்தவுக எத்தனையோ பேரு இருக்காகளே, அவுகளக் கூப்பிடேன்" என்றாள்.

வெள்ளச்சிக்கு ஒன்றும் புரியவில்லை. "வெளையாடாதீக மதினி. அவுகளுக்கு என்ன தெரியும்? ஒங்களால மட்டுந்தான் முடியும்."

"எனக்கும் முறைன்னு ஒண்ணு இருக்குல்ல? ஒத்தையா வந்து நின்னா என்ன அர்த்தம்? புருசனும் பொண்டாட்டியுமா வந்து கூப்பிடுங்க, வாரேன்."

'எந்த விசேஷம்? என்ன கோபம் மதினி?' என்று வெள்ளச்சி ஒரு கேள்வி கேட்டிருக்கலாம். பிள்ளை சாகக் கிடக்கிறபோது எந்தத் தாய்க்குக் குத்தலுக்குப் பொருள் தேடத் தோன்றும்? அவள் அதை அப்படியே வைத்தியத்தில் ஒரு பகுதி என்று எடுத்துக்கொண்டாள். இந்த நஞ்சுக்கு இரண்டு பேரும் வந்துதான் கூப்பிட வேண்டும்போல இருக்கிறது என்று நினைத்தாள். "இந்தா, கூட்டிட்டு வந்திருதேன். அதுவரைக்கும் பிள்ளையக் கொஞ்சம் பாத்துக்கோங்க மதினி" என்று சொல்லிவிட்டு மேற்கே ஓடினாள். கருவாயன் மந்தையோடு ஆறேழு கல் தொலைவில் இருந்தான். ஆனி வெயிலில் மண் பொரிந்துகொண்டிருந்தது.

தேரை கல்லுக்கு அடியிலேயே இருந்தாள். துடியன் முனகுவது நன்றாகக் கேட்டது. ஒவ்வொரு முனகலுக்கும் காதோரம் இழுத்தது, நீர் ஊறியது. ஒவ்வொரு தரமும் அவள் அதை உள்ளே தள்ளி அடைத்தாள். இரண்டு பக்கமும் கனத்தது. கழுத்தைத் திருப்ப முடியவில்லை.

கொல்ல வேண்டும் என்று அவள் நினைக்கவே இல்லை, இதை நான் எங்கே வேண்டுமானாலும் சொல்வேன். காக்க வைக்க வேண்டும் என்றுதான் நினைத்தாள். இரண்டு பேரும் வாசலில் வந்து நிற்கட்டும், ஒரு தரம் மரியாதையாகக் கூப்பிடட்டும், நான் ஒரே மூச்சில் இருபது தாவலும் தாவிவிடுவேன், பிள்ளையைப் பிழைக்க வைத்துவிடுவேன், அதற்குப் பிறகு நானே அவனை மடியில் போட்டுக்கொள்வேன் என்றெல்லாம் அவள் கணக்குப் போட்டாள். நிழல் கல்லின் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்கு நகர்ந்தது. முனகல் இடைவெளி விட்டு விட்டுக் கேட்டது.

ஒரு முறை துடியன் அவளைக் கூப்பிட்டான். அவனுக்குப் பேச்சு அப்போதுதான் வந்துகொண்டிருந்தது. "அத்தே" என்றான். வீங்கிய நாக்கில் அது பாதிதான் வந்தது.

அதற்கும் ஊறியது. தேரை கண்ணை மூடிக்கொண்டு அதையும் அடைத்தாள். எனக்கு இந்த இடத்தைச் சொல்லவே கசக்கிறது.

பொழுது மேற்கே சாயும்போது இரண்டு நாய்களும் நாக்குத் தள்ள ஓடிவந்தன. கருவாயன் குட்டியைக்கூடப் பார்க்காமல் நேரே கல்லுக்கு வந்தான். வெள்ளச்சி வழியில் எங்கோ ஒரு வெற்றிலையைப் பறித்து வாயில் கவ்விக்கொண்டு வந்திருந்தாள். இருவரும் வாசலில் சேர்ந்து நின்றார்கள்.

"கல்லடி மதினி! கல்லடி மதினி! கல்லடி மதினி!" என்று மூன்று தரம் கூப்பிட்டான் கருவாயன். அவனுக்கு மூச்சு வாங்கியது. "சித்திரையிலயும் இதே மாதிரிதான் ரெண்டு பேரும் நின்னு கூப்பிட்டோம். வெயில் ஏறுற வரைக்கும் நின்னு பாத்தோம். நீங்க முழிக்கல. வெத்தலையையும் கருப்பட்டியையும் வாசல்ல வச்சிட்டுப் போனோம். அன்னைக்குத்தான் வரல, இன்னைக்காவது வாங்க மதினி."

தேரைக்குக் காது அடைத்தது. கருப்பட்டி வைத்த வெற்றிலை வாசலில் ஒரு மாதம் கிடக்குமா? எறும்பு தின்றது பாதி, காற்று கொண்டுபோனது பாதி. இவ்வளவுதானே நடந்திருக்கிறது! அவள் விழுந்தடித்துக்கொண்டு வெளியே வந்தாள். இருபது தாவலையும் எப்படித் தாவினாள் என்று அவளுக்கே தெரியாது.

துடியனுக்கு இன்னும் உயிர் இருந்தது. வயிறு லேசாக ஏறி இறங்கியது. தேரை அவன் தலைமாட்டில், மாசியில் உட்கார்ந்த அதே இடத்தில் உட்கார்ந்தாள். வாயோடு வாய் வைத்தாள். வரவில்லை. வாயைத் திறந்து மூடிப் பார்த்தாள். ஒரு சொட்டு இல்லை. உச்சிப் பொழுதிலிருந்து திருப்பித் திருப்பி அடைத்த நீர், வெயிலில் வைத்த பால் திரிவதுபோல உள்ளேயே திரிந்து கட்டிவிட்டிருந்தது. வாய்க்கு வருகிற வழி அடைபட்டுப் போயிருந்தது.

"மதினி, நீர விடுங்க மதினி" என்றாள் வெள்ளச்சி.

"வரமாட்டேங்கே... வரமாட்டேங்கே!" தேரை தலையைத் தரையில் தேய்த்தாள். முன்னங்காலால் காதோரத்தை அழுத்தினாள். இரண்டு பக்கமும் தோல் புடைத்து எழும்பியது. வழவழவென்றிருந்த முதுகெல்லாம் கொப்புளம் கொப்புளமாகத் தடித்தது. பிறகு புடைப்பின் மேல் பொடிப்பொடியாகத் துளை விட்டு, அதன் வழியாக ஏதோ வெளியே கசிந்தது. தெளிந்த நீர் இல்லை. எருக்கம்பாலைப்போலவே வெள்ளையாக, கொழகொழவென்று இருந்தது. ஒரு சொட்டு மண்ணில் விழுந்தது. அங்கே ஊர்ந்துகொண்டிருந்த எறும்புகள் சுருண்டன.

தேரை பதறிக் குட்டியை விட்டு விலகினாள். துடியன் ஒரு கண்ணை மட்டும் திறந்து அவளைப் பார்த்தான். வால் நுனி ஒரு தரம் அசைந்தது. அதற்குப் பிறகு வயிறு ஏறவில்லை.

வெள்ளச்சி குட்டியின் முகத்தை நக்கிக்கொண்டே இருந்தாள். ஓடி ஓடி அவள் வாயும் உலர்ந்து போயிருந்தது, நாக்கு ரோமத்தில் ஒட்டி ஒட்டி வந்தது.

"நீங்க கூப்பிடலைன்னு நெனச்சேன்" என்றாள் தேரை.

கருவாயன் அவளை நிமிர்ந்து பார்த்தான். அப்போதுதான் அவனுக்கு எல்லாம் விளங்கியது. "அதுக்கா மதினி?" என்றான். அவ்வளவுதான் சொன்னான். அவன் கடித்துக் குதறியிருந்தால்கூட அவளுக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

வெள்ளச்சி அழுகையோடு, "எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கலாமே மதினி" என்றாள். பிறகு, "நானும் கேக்கல" என்றாள்.

வேலமரத்து அடியில் குழி தோண்டிக் குட்டியை வைத்தார்கள். தேரை பக்கத்தில் வந்தபோது வெள்ளச்சி வேண்டாம் என்று சொல்லவில்லை. தேரைதான் தன் தோலில் கசிவது பிள்ளைமேல் பட்டுவிடக் கூடாது என்று எட்டியே உட்கார்ந்திருந்தாள். பிறகு மந்தையோடு மேற்கே போன அந்த இருவரும் கரைக்குத் திரும்பவில்லை. சேதி பரவி, மற்றவர்களும் மருந்துக்கு அவளிடம் வருவதை விட்டார்கள். வந்தாலும் கொடுக்க அவளிடம் என்ன இருந்தது? யாராவது தாகம் என்று முனகும்போது மட்டும் காதோரம் பழையபடி இழுக்கும். வாய்க்கு ஒன்றும் வராது.

இன்றைக்கும் தேரையின் காதுக்குப் பின்னால் அந்த இரண்டு புடைப்பையும் பார்க்கலாம். வைத்தியம் படித்தவர்கள் நம் காதடியில் எச்சில் ஊறும் சுரப்பிக்கு, காதருகே இருப்பது என்று பொருள்படும் ஒரு பெயரை வைத்திருக்கிறார்கள். அதே பெயரைக் கொஞ்சம் மாற்றித்தான் தேரையின் புடைப்புக்கும் வைத்தார்கள். இதில் ஊறுவது எச்சில் இல்லை, நஞ்சு என்று அவர்களுக்கு நன்றாகவே தெரியும். தெரிந்தும் ஏன் அந்தப் பெயரை வைத்தார்கள் என்று கேட்டால், பார்க்க அப்படி இருக்கிறது, இடமும் அதேதான் என்பார்கள். அந்த இடத்தில் ஒரு காலத்தில் என்ன ஊறியது என்று அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. விவரம் தெரியாத நாய் ஏதாவது தேரையைக் கவ்விவிட்டால் அதன் வாயில் நுரை தள்ளித் தள்ளி எச்சில் வழிகிறது. துடியனுக்குப் போயிருக்க வேண்டிய நீர் அது என்று நான் நினைத்துக்கொள்வேன்.

யாராவது கூப்பிட்டு, தான் கேட்காமல் இருந்துவிடக் கூடாதே என்ற பயம் தேரையை விடவில்லை. அன்று முதல்தான் மழைச் சத்தம் கேட்டதும் அவள் வெற்றிலையும் பார்க்காமல், முறையும் பார்க்காமல், ஒருவரும் அழைக்காமலே வீடு வீடாக வந்து வாசலில் உட்காருகிறாள்; நாம் துடைப்பத்தை எடுத்து அவளை வெளியே தள்ளுகிறோம்.